படகு ஒதுக்கிய தண்ணீர்

பாம்பன் கரையில் விடியற்காலையில் படகுகள் திரும்பும் நேரத்துக்குப் போய் நின்றால் ஒரு வேடிக்கையைப் பார்க்கலாம். படகு இன்னும் தொலைவில்தான் வந்துகொண்டிருக்கும். மீன் கூடை எதுவும் கண்ணில் பட்டிருக்காது. அதற்குள் கரையில் நிற்கும் வியாபாரி ஒருவர் "நல்ல பாடு", அதாவது நிறைய மீன் என்று சொல்லிவிட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொள்வார். அவர் பார்த்தது மீனை இல்லை, படகின் பக்கவாட்டில் அடித்திருக்கும் வர்ணப் பட்டையை. போகும்போது தண்ணீருக்கு மேல் முழுதாகத் தெரிந்த பட்டை திரும்பும்போது பாதி மறைந்திருந்தால் உள்ளே சரக்கு இருக்கிறது என்று பொருள்.

நான் கடற்கரையில் பிறந்தவன் இல்லை. பரமக்குடிப் பக்கம் கண்மாய்க்கரை ஊர். பிழைப்புக்காக மண்டபம் வந்த பிறகுதான் படகைப் பக்கத்தில் பார்த்தேன். வியாபாரியின் அந்தக் கண்கணக்கு எனக்குப் பல நாள் மாயமாகத் தோன்றியது. பிறகு காகிதத்தில் போட்டுப் பார்த்தபோது, கப்பல் கட்டும் கலையின் முதல் பாடமே அதுதான் என்று தெரிந்தது.

ஆர்க்கிமிடீஸ் குளியல் தொட்டியிலிருந்து எழுந்து ஓடிய கதையை விட்டுவிடலாம், பள்ளியில் எல்லோரும் கேட்டதுதான். அவர் சொன்னதன் சாரம் இது: தண்ணீருக்குள் இறங்கும் எந்தப் பொருளும் தன் இடத்துக்காகக் கொஞ்சம் தண்ணீரை ஒதுக்குகிறது. ஒதுங்கிய தண்ணீரின் எடை எவ்வளவோ, அவ்வளவு விசையோடு கடல் அந்தப் பொருளை மேலே தள்ளுகிறது. பொருளின் எடையும் ஒதுங்கிய தண்ணீரின் எடையும் சமமாகும் ஆழத்தில் பொருள் நின்றுவிடும். அதைத்தான் மிதப்பது என்கிறோம். முழுதாக மூழ்கிய பிறகும் சமமாகவில்லை என்றால் பொருள் அடியில் போய்ச் சேரும்.

இரும்பு ஆணி மூழ்குவதும் இரும்புக் கப்பல் மிதப்பதும் இதனால்தான். மூன்று மில்லிமீட்டர் தடிமனுள்ள எஃகுத் தகட்டில் ஒரு மீட்டர் நீள அகலத்துக்கு ஐந்து துண்டு வெட்டிக்கொள்ளுங்கள். மொத்த எடை ஏறக்குறைய 118 கிலோ வரும். அடுக்கிக் கட்டிக் கடலில் போட்டால் கல்லைப் போலப் போய்விடும், ஏனென்றால் அந்த அடுக்கு ஒதுக்கும் தண்ணீர் வெறும் 15 கிலோதான். அதே ஐந்து தகட்டையும் ஓட்டை இல்லாமல் பற்றவைத்து, மேலே திறந்த பெட்டியாக்கி இறக்குங்கள். பதினொன்றரை சென்டிமீட்டர் இறங்கியதும் பெட்டி நின்றுவிடும். எஃகு மாறவில்லை, எடை மாறவில்லை. உள்ளே காற்றை அடைத்துக்கொண்டதால் ஒதுக்கும் இடம் பெருகியது. கப்பல் என்பது அடிப்படையில் இந்தப் பெட்டிதான். அதை எப்படி வளைப்பது, எங்கே கூராக்குவது, எங்கே தட்டையாக்குவது என்பதில்தான் மற்ற எல்லாச் சாமர்த்தியமும் இருக்கிறது.

இப்போது வியாபாரியின் கணக்குக்கு வருவோம். நீர்மட்டத்தில் ஒன்பது மீட்டர் நீளமும் 1.8 மீட்டர் அகலமும் உள்ள ஒரு நாட்டுப்படகை எடுத்துக்கொள்வோம். அரை மீட்டர் தண்ணீருக்குள் இறங்கி நிற்கிறது. இந்த இறக்கத்தைத் துறைமுகங்களில் மிதவை ஆழம் என்பார்கள். மூன்றையும் பெருக்கினால் 8.1 கன மீட்டர். ஆனால் படகு செங்கல் வடிவத்தில் இல்லை. அணியம், அதாவது முன்பகுதி, கூராகி, அடி ஒடுங்கிப் போகிறது. ஆகவே அந்தச் செங்கலில் எத்தனை பங்கைப் படகு உண்மையில் நிரப்புகிறது என்று ஒரு பின்னம் வேண்டும். இப்படிப்பட்ட படகுக்கு 0.45 என்று வைக்கலாம். எண்ணெய்க் கப்பல் மாதிரிப் பெட்டி உடம்புக்காரர்களுக்கு அது 0.8-ஐத் தாண்டும். நம் படகு ஒதுக்கும் தண்ணீர் 3.65 கன மீட்டர். கடல் நீர் கன மீட்டருக்கு ஏறக்குறைய 1,025 கிலோ. ஆக, மரம், எந்திரம், வலை, ஆட்கள், சோற்றுப் பானை எல்லாம் சேர்த்து அந்தப் படகின் எடை 3.7 டன்னுக்குச் சற்று மேல். தராசு எதுவும் தேவைப்படவில்லை.

இனி மீன் ஏறுகிறது. நீர்மட்டத்தில் படகின் பரப்பு சுமார் 11.3 சதுர மீட்டர் இருக்கும். ஒரு சென்டிமீட்டர் கூடுதலாக இறங்கினால் 116 கிலோ தண்ணீர் ஒதுங்கும். அரை டன் மீன் ஏறியிருந்தால் படகு நான்கு சென்டிமீட்டருக்கு மேல் இறங்கியிருக்கும். வியாபாரி பார்த்த வர்ணப் பட்டை அந்த நான்கு சென்டிமீட்டர்தான். அவர் 116 என்ற எண்ணை அறியமாட்டார், அறிய வேண்டியதும் இல்லை. பெரிய கப்பலிலும் இதே கணக்குத்தான். 200 மீட்டர் நீளமும் 32 மீட்டர் அகலமும் உள்ள சரக்குக் கப்பல் ஒரு சென்டிமீட்டர் இறங்க ஐம்பது டன்னுக்கு மேல் ஏற்ற வேண்டும். கப்பலின் முன்னும் பின்னும் நடுவிலும் எண்கள் எழுதியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். சரக்கு ஏற்றி முடித்ததும் அந்த எண்களைப் படித்துத்தான் எவ்வளவு நிலக்கரி ஏறியது என்று கணக்கிடுகிறார்கள்.

இங்கே ஒரு சின்னக் குறும்பு இருக்கிறது. அதே படகை லாரியில் ஏற்றி, இராமநாதபுரம் பெரிய கண்மாயில் இறக்கினால் என்ன ஆகும்? கண்மாய்த் தண்ணீர் நன்னீர், கன மீட்டருக்கு 1,000 கிலோதான். அதே எடையை ஈடுகட்ட இன்னும் கொஞ்சம் தண்ணீரை ஒதுக்க வேண்டும், ஆகவே படகு ஏறக்குறைய முக்கால் சென்டிமீட்டர் கூடுதலாக இறங்கும். நாட்டுப்படகுக்கு இது ஒரு பொருட்டே இல்லை. பத்து மீட்டர் மிதவை ஆழமுள்ள கப்பல் கடலிலிருந்து ஆற்றுத் துறைமுகத்துக்குள் நுழைந்தால் இருபது சென்டிமீட்டருக்கு மேல் இறங்கிவிடும், தரை தட்டுவதற்கு அது போதும்.

இதற்காகத்தான் சரக்குக் கப்பல்களின் விலாவில் ஏணிபோல் சில கோடுகள் வரையப்பட்டிருக்கின்றன. அளவுக்கு மீறி ஏற்றிய கப்பல்கள் மூழ்கி மாலுமிகள் சாவதைப் பொறுக்காமல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் சாமுவேல் பிளிம்சால் போராடியதன் விளைவாக, 1876-ஆம் ஆண்டுச் சட்டம் இந்தக் கோட்டைக் கட்டாயமாக்கியது. இன்று அது உலக வழக்கு. 'எஸ்' என்று எழுதிய கோடு கோடைக்காலக் கடலுக்கு, 'டபிள்யூ' குளிர்காலக் கடலுக்கு, 'டி' வெப்பமண்டலக் கடலுக்கு, 'எஃப்' நன்னீருக்கு. எல்லாவற்றுக்கும் மேலே 'டிஎஃப்', வெப்பமண்டல நன்னீர். எந்தக் கடலில் இருக்கிறீர்களோ அந்தக் கோடு மூழ்கக்கூடாது. மீன்பிடிப் படகுகள் இந்த உலக ஒப்பந்தத்துக்குள் வருவதில்லை. நம் கரையில் அந்த வேலையைச் செய்வது வர்ணப் பட்டையும் படகோட்டியின் மனச்சாட்சியும்தான்.

டன் என்ற சொல்லைப் பற்றி ஒரு எச்சரிக்கை. செய்திகளில் "இத்தனை ஆயிரம் டன் கப்பல்" என்று படிக்கும்போது எந்த டன் என்று கேளுங்கள். போர்க்கப்பலுக்குச் சொல்வது ஒதுக்கிய தண்ணீரின் எடை, அதாவது கப்பலின் முழு எடை. சரக்குக் கப்பலுக்குப் பெரும்பாலும் சொல்வது அது தாங்கக்கூடிய சுமை: சரக்கு, எரிபொருள், குடிநீர், ஆட்கள் எல்லாம் சேர்த்து. பயணிகள் கப்பலுக்குச் சொல்வதோ எடையே இல்லை, உள்ளே அடைபட்ட இடத்தின் கொள்ளளவு. டைட்டானிக்கை 46,328 டன் என்று எழுதுவார்கள். அது கொள்ளளவு டன், நூறு கன அடிக்கு ஒரு டன் என்று அளந்தது. அந்தக் கப்பல் ஒதுக்கிய தண்ணீரோ 52,000 டன்னைத் தாண்டியது. மூன்று வெவ்வேறு அளவுகளுக்கு ஒரே பெயரை வைத்தவர்களை என்ன சொல்வது!

எடை ஒன்றுதான் என்றாலும் அதே தண்ணீரைப் பல வடிவங்களில் ஒதுக்கலாம். ஒடுங்கிய ஆழமான உடம்பாக இருக்கலாம், அகன்ற ஆழமற்ற உடம்பாகவும் இருக்கலாம். எதைத் தேர்ந்தெடுப்பது என்பதைக் கடல் சொல்லும். நம் மாவட்டத்துக்கு இரண்டு கடல். தனுஷ்கோடி போகும் பாதையில் நின்றால் ஒரு பக்கம் குளம்போலக் கிடப்பதைப் பெண் கடல் என்றும், மறுபக்கம் சீறுவதை ஆண் கடல் என்றும் காட்டுவார்கள். வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா. வாடைக்காற்று தொடங்கிவிட்டால் பெண் கடலும் சும்மா இருப்பதில்லை என்பது வேறு விஷயம். வடகடலின் தனித்தன்மை ஆழமின்மை. அதன் பெரும்பகுதியில் பதினைந்து மீட்டர் ஆழம்கூடக் கிடையாது. உலகிலேயே மிக நீளமாகக் கட்டப்பட்ட எண்ணெய்க் கப்பலான சீவைஸ் ஜயன்ட் முழுச் சுமையோடு 24.6 மீட்டர் ஆழம் கேட்டது. அதை இங்கே கொண்டுவந்தால் மிதக்காது, தரையில் உட்கார்ந்துவிடும்.

சோழமண்டலக் கரையிலும் குமரிக் கரையிலும் கட்டுமரம் கோலோச்சியபோது இங்கே வள்ளமும் வத்தையும் போன்ற பலகைப் படகுகள் வேரூன்றியதற்கும் கடல்தான் காரணம். அங்கே கரையிலேயே அலை மடிந்து விழுகிறது. பலகைப் படகுக்குள் இரண்டு அலை நுழைந்தால் அது தொட்டியாகிவிடும். கட்டுமரத்துக்கு உள்ளே என்று ஓர் இடமே இல்லை. ஏறிய தண்ணீர் மரங்களின் இடுக்கு வழியே இறங்கிவிடும். அதற்கு உடல் கிடையாது, மரம் தண்ணீரைவிட இலேசாக இருப்பதே அதன் மிதப்பு. அதனால் சுமையும் குறைவாகத்தான் தாங்கும், ஊறினால் கனத்தும் போகும். கரைக்கு வந்ததும் கட்டை அவிழ்த்து மரங்களைக் காயவைப்பது அதற்காகத்தான். இராமேசுவரம் தீவில் தெர்மக்கோல் பலகையைக் கட்டி அதன்மேல் ஒற்றை ஆளாக உட்கார்ந்து மீன் பிடிப்பவர்களைப் பார்க்கலாம், அதுவும் கட்டுமரத்தின் வம்சம்தான். ஆங்கிலக்காரர்கள் நம் கட்டுமரத்தின் பெயரை வாங்கிக்கொண்டுபோய், இரண்டு ஒல்லியான உடல்களைப் பாலம்போட்டு இணைத்த கப்பலுக்குச் சூட்டிவிட்டார்கள். இரண்டுக்கும் பெயரைத் தவிர ஒட்டுறவு குறைவு.

அகலம் ஏன் தேவை என்பதை நான் பாடமாகப் படிக்கவில்லை, பயந்து கற்றேன். வந்த புதிதில் நண்பர்களோடு ஒரு சின்னப் படகில் தீவுப் பக்கம் போனோம். யாரோ டால்பினைக் கண்டு "ஓங்கில்!" என்று கத்த, எல்லோரும் ஒரே பக்கம் எழுந்து ஓடினோம். படகு சாய்ந்து தண்ணீர் விளிம்பைத் தொட்டது. படகுக்காரர் அதுவரை பேசாத மனிதர், "உட்காருங்கள், அப்படியே உட்காருங்கள்!" என்று போட்ட சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. நடந்தது இதுதான். சாயும்போது தாழும் பக்கம் அதிகத் தண்ணீரை ஒதுக்கும், உயரும் பக்கம் குறைவாக ஒதுக்கும். ஆகவே கடலின் தள்ளுவிசை தாழ்ந்த பக்கத்துக்கு நகர்ந்து படகை நிமிர்த்தப் பார்க்கும். படகு அகலமாக இருந்தால் இந்த நகர்வு அதிகம், நிமிர்த்தும் வலிமையும் அதிகம். ஆனால் எடை உயரத்தில் இருந்தால், அல்லது எங்களைப்போல ஒரு பக்கமாக ஓடினால், நிமிர்த்துவதற்குப் பதில் கவிழ்த்துவிடும். உட்காரச் சொன்னவர் எங்கள் எடையைத்தான் கீழே இறக்கினார்.

பாய்மரக் காலத்தில் இந்தக் கரையின் படகுகளில் குறுக்கே ஒரு நீண்ட பலகையை நீட்டி, காற்று வரும் பக்கத்து முனையில் ஆள் ஏறி உட்காருவார்கள். காற்று வலுத்தால் இன்னும் ஒருவர் ஏறுவார். மனிதனே எடைக்கல். எங்கள் ஓட்டத்துக்கு நேர் எதிரான வேலை.

படகுக்குள் புகுந்த தண்ணீர் ஏன் இவ்வளவு ஆபத்து என்பதும் இதோடு சேர்ந்ததுதான். கட்டி வைத்த மூட்டை சாயும்போது இருந்த இடத்தில் இருக்கும். தண்ணீர் தாழ்ந்த பக்கத்துக்கு ஓடிப்போய் நிற்கும். நூறு கிலோ மீனைவிட நூறு கிலோ தண்ணீருக்குப் படகோட்டி அதிகம் அஞ்சுவது இதனால்தான்.

வேகத்தைப் பற்றிப் பேசாமல் உடல் வகைகளைச் சொல்லி முடிக்க முடியாது. ஓடும் படகு தன் முன்னால் ஓர் அலையை எழுப்புகிறது. வேகம் கூடக் கூட அந்த அலையின் நீளமும் கூடும். அலையின் நீளம் படகின் நீளத்துக்குச் சமமாகும் கட்டத்தில் அணியம் ஒரு முகட்டிலும் பின்பகுதி அடுத்த முகட்டிலும் நிற்கும். அதற்குமேல் முடுக்கினால் பின்முகடு இன்னும் பின்னுக்கு நழுவ, படகின் பின்பகுதி பள்ளத்தில் விழும். தானே எழுப்பிய மேட்டில் தானே ஏற வேண்டிய நிலை. டீசல் எரியும், புகை வரும், வேகம் வராது. கணக்குச் சுலபம்: நீர்மட்ட நீளத்தின் வர்க்கமூலத்தை 2.43-ஆல் பெருக்குங்கள், மணிக்கு இத்தனை கடல் மைல் என்று வரும். ஒன்பது மீட்டர் படகுக்கு ஏழுக்குச் சற்று மேல். பதினாறு மீட்டர் விசைப்படகுக்குப் பத்துக்குச் சற்றுக் கீழ். இந்த வரம்புக்குள் தண்ணீரை ஒதுக்கிக்கொண்டே போகும் உடலே முதல் வகை. சரக்குக் கப்பல்கள், இழுவைப் படகுகள், பெரும்பாலான விசைப்படகுகள் எல்லாம் இதில் அடங்கும். மெதுவாகப் போனாலும் சுமைக்குச் சளைக்காது.

இரண்டாம் வகை இந்தச் சிக்கலை ஏறித் தாண்டிவிடுகிறது. கண்மாயில் ஓட்டுச்சில்லை வீசித் தத்தவிடுவோமே, அந்தச் சில் தண்ணீரைவிடக் கனம்தான், ஆனால் வேகம் இருக்கும்வரை மூழ்குவதில்லை. பின்புறம் மோட்டார் மாட்டிய இலேசான ஃபைபர் படகும் முடுக்கினால் அணியத்தைத் தூக்கிக்கொண்டு தன் அலைமேல் ஏறி, தண்ணீரின் மேற்பரப்பில் வழுக்க ஆரம்பிக்கும். அப்போது அதைத் தாங்குவது பெரும்பாலும் ஒதுங்கிய தண்ணீர் இல்லை, தட்டையான அடிப்பாகத்தில் மோதித் தெறிக்கும் தண்ணீர். மோட்டாரை அணைத்தால் சட்டென்று உட்கார்ந்து பழையபடி முதல் வகையாகிவிடும். சுமை ஏற்றினாலும் அதே கதிதான். போகும்போது பறந்த படகு பாடு நிறையக் கிடைத்துத் திரும்பும்போது உழுதுகொண்டு வருவதைக் கவனித்திருப்பீர்கள். வழுக்குவதற்குத் தட்டை அடி நல்லது, ஆனால் குறுகிய அலையில் முதுகெலும்பை எண்ணிவிடும். அதனால் ஆங்கில 'வி' எழுத்துபோல் அடியைச் சற்று மடித்துக் கட்டுகிறார்கள். அலையைப் பிளக்கும், ஆனால் கொஞ்சம் வேகத்தைக் கேட்கும். இரண்டுக்கும் நடுவில் அரைகுறையாக ஏறும் ஒரு வகையும் உண்டு. ரோந்துப் படகுகள் பல அந்தச் சாதி. இரட்டை உடல் கப்பலோ வேறு தந்திரம் செய்கிறது: உடல்கள் ஒல்லியாக இருப்பதால் எழும் அலையே சிறிது, ஆகவே அந்த வரம்பு அதை அவ்வளவாகக் கட்டுப்படுத்துவதில்லை.

ஆழமற்ற கடலில் வேகத்துக்கு இன்னொரு தண்டனை உண்டு. கப்பலின் அடிக்கும் தரைக்கும் இடையே உள்ள குறுகிய சந்தில் தண்ணீர் விரைந்து பாய வேண்டியிருக்கிறது. பாயும்போது அழுத்தம் குறைகிறது, கப்பல் இன்னும் கீழே இழுக்கப்படுகிறது. நின்றிருந்தால் தட்டாத கப்பல் ஓடினால் தட்டும். 2005-இல் தொடங்கி, பிறகு நீதிமன்றத் தடையால் முடங்கிப்போன சேதுசமுத்திரக் கால்வாயைப் பத்து மீட்டர் மிதவை ஆழமுள்ள கப்பல்களுக்காகப் பன்னிரண்டு மீட்டர் ஆழத்துக்குத் தோண்டத் திட்டமிட்டார்கள். நடுவில் விட்ட இரண்டு மீட்டர் ஆடம்பரம் இல்லை. அந்தத் திட்டம் நல்லதா கெட்டதா என்ற சண்டைக்கு நான் வரவில்லை. பாம்பனில் 1914 முதல் கப்பல்களுக்காகத் திறந்து மூடிய பழைய பாலத்தின் இடத்தை, 72.5 மீட்டர் நடுப்பகுதி செங்குத்தாக உயரும் புதிய பாலம் 2025 ஏப்ரலில் எடுத்துக்கொண்டது. பாலம் எவ்வளவு உயர்ந்தாலும், கீழே கால்வாயின் ஆழம்தான் எந்தக் கப்பல் போகலாம் என்பதைத் தீர்மானிக்கிறது. தூத்துக்குடியிலிருந்து சென்னைக்குப் போகும் பெரிய கப்பல்கள் இன்றும் இலங்கையைச் சுற்றித்தான் போகின்றன.

இந்த ஆழப் பிரச்சினை எதுவும் இல்லாத ஒரு கலம் எங்கள் மண்டபத்தில் இருக்கிறது. கடலோரக் காவல் படையின் ஹோவர்கிராஃப்ட். பெரிய விசிறியால் கீழே காற்றை அடைத்து, ரப்பர் பாவாடையை உப்பவைத்துக்கொண்டு, மணலிலும் தண்ணீரிலும் ஒரே மாதிரி ஓடும். அது புறப்படும் சத்தம் கேட்டால் தேநீர்க் கடையில் பேச்சு நின்றுவிடும். தண்ணீரைத் தொடாமல் போகும் இதற்கு ஆர்க்கிமிடீஸ் பொருந்தமாட்டார் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். ஆனால் அது கடலின்மேல் ஓரிடத்தில் அசையாமல் நிற்கும்போது அடியில் அடைபட்ட காற்று தண்ணீரை அழுத்துகிறது. பாவாடைக்குள் கடல் மட்டம் குழிந்து ஓர் ஆழமற்ற பள்ளமாகிறது. அந்தப் பள்ளத்தை நிரப்பத் தேவையான தண்ணீரை அள்ளி எடை போட்டால், அந்தக் கலத்தின் எடை வரும்.